மேல்மாடி மெத்தை

குரே துறைமுகத்துக்கு மேலே, மலைச்சரிவோடு ஒட்டிக்கொண்டிருக்கும் மரக் குடியிருப்பு தோமியேவுடையது. கணவர் இறந்த பிறகு குழாய் அடைப்பிலிருந்து கூரை ஒழுகல் வரை எல்லாம் அவள் தலையில் விழுந்தது. அவள் அலுத்துக்கொண்டதில்லை. குடியிருப்பவர்கள் வேலைக்குப் போன பின் அடிக்கடி வானத்தைப் பார்ப்பாள். மலைக்குப் பின்னாலிருந்து மேகம் ஏறினால், மாற்றுச் சாவிக் கொத்தை எடுத்துக்கொண்டு படியேறுவாள். வீடு வீடாகத் திறந்து, செருப்பை வாசலில் கழற்றிவிட்டு, பால்கனியில் காயும் துணிகளையும் மெத்தைகளையும் உள்ளே இழுத்துப் போடுவாள். துணிகளை மடித்தும் வைப்பாள். அந்தச் சரிவில் நல்ல வீட்டுக்காரம்மா என்றால் அப்படித்தான் இருப்பாள்.

அவளுடைய அக்கறையைப் பார்த்து, ஒசாகாவுக்குக் குடிபோன அக்கம்பக்கத்தார் தங்கள் வீடுகளையும் அவளே வாடகைக்கு விட்டுப் பார்த்துக்கொள்ளட்டும் என்றார்கள். அதை முறையாகச் செய்ய வாடகை வீட்டு மேலாளர் சான்றிதழ் இருந்தால் நல்லது என்று தேர்வுக்கான வகுப்பில் சேர்ந்தாள். தெரிந்த வேலைக்கு ஒரு முத்திரை, அவ்வளவுதானே என்று நினைத்தாள்.

பாடம் நடத்தியவர் கமேதா என்ற வழக்கறிஞர். ஒரு நாள் கேட்டார்:

"குடியிருக்கறவங்க வீட்ல இல்ல. மழை வருது. துணி வெளியில காயுது. சாவி உங்க கையில இருக்கு. என்ன செய்வீங்க?"

தோமியேதான் முதலில் கையைத் தூக்கினாள். "உள்ள போய் எடுத்து வைப்பேங்க. மெத்தைய முதல்ல."

"அவங்ககிட்ட கேட்டீங்களா?"

"வேலையில இருப்பாங்களே. அவங்கள எதுக்குத் தொந்தரவு பண்ணணும்?"

கமேதா கண்ணாடியைக் கழற்றினார். "அம்மா, இதுக்குப் பேரு அத்துமீறி நுழையறது. நெருப்பு, தண்ணிக் குழாய் உடைப்பு, உயிராபத்து, அப்படின்னா வேற விஷயம். துணி நனையறது அதுல சேராது."

பின்வரிசையிலிருந்து இசோபேவின் குரல் வந்தது. தன் முடிதிருத்தும் கடைக்கு மேலே இரண்டு அறைகளை வாடகைக்கு விட்டிருப்பவன், அதே சரிவுக்காரன். "அக்கா, சர்டிபிகேட் வாங்க வந்துட்டு கைவிலங்கு வாங்கிட்டுப் போயிடாதீங்க!"

வகுப்பே சிரித்தது. வீடு திரும்பும் ரயிலிலும் தோமியேவுக்கு அந்த ஒரு சொல்லே திரும்பத் திரும்பக் கேட்டது. அத்துமீறல். யார் வீட்டில்? நோகியைக் கேட்டால் அப்படியெல்லாம் இல்லை என்று சொல்வாள். மேல்மாடிக் கடைசி வீட்டில் இருப்பவள், பல் மருத்துவமனையில் வேலை. புத்தாண்டுக்கு ஆரஞ்சுப் பழம் கொண்டுவந்து தருகிற பெண்.

அன்றே மேலே போய்த் தட்டினாள். நோகி கதவைப் பாதிதான் திறந்தாள்.

"மழை வந்தா நான் உள்ள வந்து மெத்தைய எடுத்து வைக்கறது..."

"தெரியுங்க."

"தெரியுமா?"

"முதல் மாசமே தெரியும். துணிய நான் அப்படி மடிக்க மாட்டேனே."

"அப்ப ஏம்மா சொல்லல?"

நோகி தன் கால் விரல்களைப் பார்த்தாள். "நீங்க நல்லவங்க. நல்லவங்ககிட்ட எப்படிங்க சொல்றது? அதனால தினமும் கிளம்பும்போது என் சொந்தச் சாமானையெல்லாம் பெட்டியில வெச்சு பூட்டிட்டுப் போவேன்."

அவள் தோளுக்குப் பின்னால் ஒரு சிவப்புப் பயணப் பெட்டி தெரிந்தது. தோமியேவுக்கு நன்றாகத் தெரிந்த பெட்டி. பாவம், ஊர் ஞாபகம் போலிருக்கிறது, எந்நேரமும் கிளம்பத் தயாராக வைத்திருக்கிறாள் என்று நினைத்து, பலமுறை அதன் மேல் தூசி தட்டியிருக்கிறாள். இப்போது அந்தப் பூட்டை அவளால் பார்க்க முடியவில்லை. மன்னிப்புக் கேட்டாளா என்பதுகூட நினைவில்லை. படியிறங்கும்போது கைப்பிடியை இறுகப் பிடித்திருந்தது மட்டும் நினைவிருந்தது.

தேர்வில் தேறிவிட்டாள். சான்றிதழைச் சுவரில் மாட்டினாள். மாற்றுச் சாவிகளை உறையில் போட்டு ஒட்டி உள்ளறையில் வைத்தாள்.

அடுத்த மழைக்காலம். மலைக்குப் பின்னாலிருந்து மேகம் ஏறியது. நோகியின் கோடு போட்ட மெத்தை பால்கனிக் கம்பியில் தொங்கியது. தோமியே தொலைபேசியை எடுத்தாள்.

"நோகி, மழை வரப் போகுது. மெத்தை வெளியில கிடக்கு. நான் உள்ள போகலாமா?"

மறுமுனையில் பல் துளைக்கும் கருவியின் சத்தம். பிறகு, "வேணாங்க."

"நல்ல மெத்தையாச்சே..."

"நனையட்டும், விடுங்க."

குடையோடு முற்றத்துக்கு வந்து நின்றாள். மெத்தையில் மழை முதலில் புள்ளி புள்ளியாக விழுந்தது, பிறகு கோடுகளே தெரியவில்லை. தண்ணீர் குடித்துக் கனத்து, கீழ் நோக்கித் தொய்ந்தது. அவள் கை தானாக இடுப்புப் பையைத் தொட்டது. அங்கே சாவி இல்லை.

"அக்கா! மெத்தை நனையுது, வேடிக்கை பாத்துட்டு நிக்கறீங்க?" கடை வாசலிலிருந்து இசோபே கத்தினான்.

"கேட்டேன்டா. வேணாம்னுட்டா."

சாயங்காலம் நோகி கீழே வந்தாள். தலை நனைந்திருந்தது. "வீட்டுக்காரம்மா, ராத்திரிக்கு ஒரு மெத்தை இரவல் கிடைக்குமா?"

தோமியே புது மெத்தையைத் தானே சுமந்து மேலே போனாள். வாசலுக்கு வெளியே நின்றபடி நீட்டினாள். தலை குனிந்தே இருந்தது.

"உள்ள வாங்களேன்," என்றாள் நோகி.

எத்தனையோ முறை தாண்டிய வாசல்தான். தோமியேவுக்குக் கால் எழவில்லை.