மஞ்சள் நிறத்துக் களிம்பு

கிணத்துக்கடவு வேலாத்தாளைப் பெண் பார்க்க வர ஒரு மாதம் இருந்தது. அது ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பத்துநாலாம் வருஷம். முகப்பருவுக்குக் கந்தகக் களிம்பு கொடுத்த கம்பவுண்டர், "வாரத்துக்கு ரெண்டு நாள் லேசாத் தடவுங்க, போதுமுங்க" என்று அம்மாவிடம் சொல்லித்தான் அனுப்பினார். களிம்பு மஞ்சளாக இருந்ததே, அதுதான் வினை. மஞ்சள் பூசுவதுபோல் அம்மா தினமும் அதை அப்பி, அழுத்தித் தேய்த்தாள்.

"எரியுதும்மா."

"பொறுத்துக்க கண்ணு, வேரோட போகோணுமில்ல."

தோல்தான் உரிந்து போனது. கன்னம் இரண்டும் கருகிவிட்டன.

வந்தவர்கள் காப்பி கொண்டுவந்த தங்கையைப் பெண் கேட்டார்கள். கல்யாணத்தன்று தங்கைக்கு மஞ்சள் பூசியவள் வேலாத்தாள்தான். அந்தக் கன்னத்தில் ஐந்து பருக்கள் அவள் விரலில் தட்டின. மாப்பிள்ளை வீட்டார் அதைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை.