கல்லாய்ப் போன கால்

நான் இருந்தேன். தங்கச்சி செல்வி இருந்தாள், மாவுக்கட்டு பிரித்த காலைத் தலையணைமேல் நீட்டியபடி. டிவிடி பெட்டியை ஒட்டிக் கூட்டாளி தினேஷ். கதவோரம் சுங்குடித் துணியில் முடிச்சுப் போட்டுக்கொண்டு அவன் அம்மா. பழங்காநத்தத்தில் தினேஷின் வீடு அது. கோடை விடுமுறை. செல்வியின் காலில் தடவிய தைலம் வீடெல்லாம் நெடியடித்தது.

ஷேர் ஆட்டோவிலிருந்து விழுந்து அவளுக்கு முழங்கால் உடைந்திருந்தது. ஊன்றிப் பழகாவிட்டால் கால் விறைத்துவிடும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். செல்வி ஊன்றவில்லை. பார்க்க வந்தவர்கள் எல்லாம் “சரியாப் போயிரும் தாயி” என்றார்கள். அவள் நம்பவில்லை.

அந்த வாரம் தினேஷ் ஒரு ஜப்பான் பொம்மைத் தொடரை வாடகைக்கு எடுத்து வந்தான். ஏதோ படக்கதைப் புத்தகத்திலிருந்து எடுத்ததாம். வெளிச்சமே இல்லாத நாடு. பேயோடு பேரம் பேசிய ஒரு பையனுக்குப் பாதத்திலிருந்து மேலே மேலே கல்லாகிக்கொண்டே போகும். கடைக்காரர் சொன்ன கதை இவ்வளவுதான்; ஜப்பான் பேச்சில் ஒரு சொல் விளங்காது.

“என்னடா சொல்றான்?” என்றேன்.

“எனக்கு மட்டும் என்ன எழவு புரியுது மாப்ள? மூஞ்சியப் பாரு, போதும்.”

மூஞ்சி பார்ப்பது எனக்குப் பழக்கம்தான். தினேஷ் வீட்டில் சௌராஷ்டிரா பேசுவார்கள். அவன் அம்மா திட்டுகிறாரா, சாப்பிடச் சொல்கிறாரா என்பதை மூஞ்சியை வைத்தே கண்டுபிடிப்பேன். அந்தப் பையன் மூஞ்சியில் இருந்தது பயம். சரியாகிவிடும் என்று அவனிடம் யாரும் சொல்லவில்லை. செல்வி கண்ணெடுக்காமல் பார்த்தாள்.

கடைசி டிவிடி தட்டு. பையன் கல்லுக் காலைத் தூக்கப் பார்க்கிறான். படம் கட்டம் கட்டமாக உடைந்து நின்றுவிட்டது. தினேஷ் தட்டைப் பனியனில் துடைத்தான். பற்பசை போட்டுத் தேய்த்தான். திரும்பவும் அதே இடத்தில் நின்றது.

“அண்ணே, அவன் எந்திரிப்பானா மாட்டானா?” என்றாள் செல்வி.

“ஒனக்குத் துணைக்கு அவனும் உக்காந்துட்டான்” என்றான் தினேஷ்.

“ஓட்டப் பெட்டிய வச்சுக்கிட்டு வாயப் பாரு! தள்ளுடா!”

சொல்லிக்கொண்டே செல்வி எழுந்தாள். போய்ப் பெட்டியின் தலையில் ஓங்கி ஒரு குத்து விட்டாள். படம் அசையவில்லை. அவள் இரண்டு காலிலும் நின்றுகொண்டிருந்தாள். தினேஷின் அம்மா கையிலிருந்த துணியை விட்டுவிட்டு என்னவோ சொன்னார். சொல் விளங்கவில்லை. மூஞ்சி விளங்கியது.

இன்று பழங்காநத்தத்தில் சிடி கடை கிடையாது. தினேஷின் அம்மாவும் இல்லை. செல்வி லேசாகச் சாய்ந்து நடப்பாள். அவனியாபுரத்தில் மாடித் தையல் கடைக்குத் தினம் ஏறி இறங்குகிறாள். அதே கதையைப் பளபளவென்று புதிதாகவும் எடுத்திருக்கிறார்களாம். அவள் பிள்ளைகள் இரண்டு பேருக்கும் பழையதுதான் பிடிக்கிறது. ஏன் என்றேன்.

“பழசுல அவன் நெசமாவே பயப்படுறான் மாமா” என்றாள் சின்னவள்.

போன ஞாயிறு செல்வி தன் போனில் அந்தக் கடைசிப் பாகத்தைப் போட்டாள். தினேஷும் வந்திருந்தான். நின்றுபோன இடம் வந்தது. நிற்காமல் ஓடியது. பையன் எழுந்தான்.

அன்று இருந்த நாலு பேரில் மூன்று பேர், கூடப் பிள்ளைகள் இரண்டு பேர்; பார்த்தது ஐந்து பேர்.