வேல்ராஜுக்குக் கிடைத்த வேலை

செண்பகவல்லி கல்யாணமான மறுவாரமே மும்பை தாராவிக்கு வந்தவள். முப்பத்திரண்டு வருஷத்தில் எந்த உதவிக்கும் யார் வாசலிலும் போய் நின்றதில்லை. புருஷன் கோமதிநாயகம் வடாலாவில் ஓர் அரசு நிறுவனத்தின் கிடங்கில் மூட்டை ஏற்றி இறக்குபவர். பெர்மனென்ட் வேலை. அந்தச் சொல்லை ஊர்க்காரர்களிடம் சொல்லும்போது அவள் முந்தானையைச் சரிசெய்துகொள்வாள். ஒரே மகன் வேல்ராஜ். இருபத்தாறு வயதுக்குள் கூரியர், மொபைல் கடை, பார்சல் டெலிவரி என்று ஏழு வேலை மாறிவிட்டான். எதிலும் ஆறு மாதம் தாண்டவில்லை.

ஓய்வு பெற இருபத்து மூன்று நாள் இருக்கும்போது கோமதிநாயகத்துக்குப் பக்கவாதம் வந்தது. பத்து நாள் கழித்து ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு அனுப்பினார்கள். வலது பக்கம் விழுந்துவிட்டது. பேச்சு வரவில்லை. காது நன்றாகக் கேட்டது. டாக்டர் இரண்டு மாத்திரை அட்டைகளைச் செண்பகவல்லியின் கையில் கொடுத்து, தினமும் காலையில் தவறாமல் கொடுக்கச் சொன்னார்.

மறுநாள் யூனியன்காரர் சுடலைக்கண்ணன் பார்க்க வந்தார். கட்டில் பக்கத்தில் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டே வேல்ராஜிடம் சொன்னார்.

"முப்பத்தொண்ணாந் தேதியோட அண்ணாச்சிக்கு ரிட்டையர்மென்ட். அதுக்கு முன்ன ஏதாச்சும் ஒண்ணு ஆச்சுன்னா ஒனக்கு வேலை கேக்கலாம் தம்பி. கருணை அடிப்படையில குடுப்பாவ. ஒரு நாள் பிந்திட்டாலும் ஒண்ணும் கெடையாது, பாத்துக்கோ."

நல்லது சொல்வதாக நினைத்துத்தான் சொன்னார். கோமதிநாயகம் அவர் வாயையே பார்த்துக்கொண்டு கிடந்தார்.

அடுத்த நாள் காலை செண்பகவல்லி மாத்திரையைப் பிரிக்கப் போனபோது வேல்ராஜ் அட்டைகளை அவள் கையிலிருந்து வாங்கிக்கொண்டான்.

"இன்னைக்கு வேண்டாம்மா."

"டாக்டரு ஒரு வேள கூட விடப்படாதுன்னாவளே?"

"வேண்டாங்கேன்லா."

அட்டைகளைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு வெளியே போனான். மருந்துக் கடை இரண்டு சந்து தள்ளித்தான் இருந்தது. செண்பகவல்லி செருப்பைக்கூட மாட்டினாள். பிறகு கழற்றிவிட்டாள்.

கோமதிநாயகம் மாத்திரைக்காக வாயைத் திறந்தார். அவள் ஒரு கரண்டி தண்ணீரை ஊற்றினாள். அவர் சிரமப்பட்டு விழுங்கிவிட்டு, போதும் என்பதுபோல் இடது கையை அசைத்தார். நான்கு நாள் இப்படிப் போயிற்று. ஐந்தாம் நாள் தண்ணீரை விழுங்காமல் வாய்க்குள் நாக்கால் எதையோ தேடினார். பிறகு அவளைப் பார்த்தார். ஆறாம் நாள் வாயைத் திறக்கவில்லை.

"தண்ணியாவது குடிங்க" என்று அவள் கெஞ்சினாள். அவர் முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டார்.

ஒன்பதாம் நாள் காலை இறந்துபோனார். சர்வீஸில் இன்னும் மூன்று நாள் பாக்கி இருந்தது.

வேலைக்கான காகிதங்கள் மேஜை மேஜையாக இரண்டு வருஷம் நகர்ந்தன. எனக்கு வேண்டாம், மகனுக்குக் கொடுங்கள் என்று செண்பகவல்லி எழுதிக் கொடுத்தாள். தாயைக் கடைசிவரை வைத்துக் காப்பாற்றுவேன், தவறினால் வேலையை விட்டு நீக்கலாம் என்று வேல்ராஜ் முத்திரைத்தாளில் கையெழுத்துப் போட்டான். அதே கிடங்கில் உதவியாளர் வேலை வந்தது. மூன்றாம் மாதம் உல்லாஸ்நகரிலிருந்து மாலதியைக் கட்டிக்கொண்டான்.

மாலதி மாமியாரை ஒரு கடுஞ்சொல் சொன்னதில்லை. வேல்ராஜுக்குத்தான் தாய் எதிரே இருந்தால் சாப்பாடு இறங்கவில்லை.

"சோத்துல கை வச்சா மொகத்தையே பாக்க. எதுக்கும்மா பாக்க?"

"நான் எங்கல பாத்தேன்?"

ஒரு ஞாயிற்றுக்கிழமை அவள் ரேஷன் வாங்கித் திரும்பியபோது, அவளுடைய சேலைகள் ஒரு பிளாஸ்டிக் பையில் வாசலில் இருந்தன. கதவு உள்ளே தாழிட்டிருந்தது. தட்டினாள். பக்கத்து வீட்டுக் கதவுகள் திறந்தன. அவள் வீட்டுக் கதவு திறக்கவில்லை.

ஆண்டாப் ஹில்லில் இட்லி வியாபாரம் செய்யும் விஜயராணி பழைய சிநேகிதி. அவளிடம் மாவாட்டப் போய்ச் சேர்ந்தாள். விஜயராணிதான் விடாமல் சொன்னாள்: "காப்பாத்துதேன்னு எழுதிக் குடுத்திருக்காம்லா? ஆபீஸ்ல போய்ச் சொல்லுக்கா."

பணியாளர் பிரிவின் அதிகாரி ராஜலக்ஷ்மி மாட்டுங்காவில் வளர்ந்த தமிழ்க்காரி. ஃபைலை எடுத்து வைத்துக்கொண்டு எல்லாவற்றையும் கேட்டாள். "ரெண்டு வரி எழுதிக் குடுங்கோம்மா. மத்ததை நான் பாத்துக்கறேன். நோட்டீஸ் போனா ஓடி வருவான். வரலேன்னா வேலை போயிடும்" என்றாள். பேப்பர் எடுக்க உள்ளே போனாள்.

தாய் வந்திருப்பதைக் கேள்விப்பட்டு வேல்ராஜ் வராந்தாவுக்கு வந்திருந்தான். அவளை வெளியே அழைத்து, தாழ்ந்த குரலில் சொன்னான்.

"எழுதும்மா. நானும் எழுதுதேன். டாக்டரு மாத்திரைய யாரு கைல குடுத்தாரு? ஒன் கைலதான?"

"அட்ட ஒன் பையில கெடந்துச்சுலே."

"யாரு பாத்தா?"

"ஒங்கப்பா பாத்தாவ."

"அவரு வந்து சொல்லட்டும்."

அவன் சொன்னதில் பொய் இருந்தது. ஆனால் முழுக்கப் பொய்யில்லை என்பது அவளுக்குத் தெரியும். அந்தத் தண்ணீரை ஊற்றிய கை அவளுடையது.

திரும்ப உள்ளே போய் உட்கார்ந்தாள். ராஜலக்ஷ்மி பேப்பரையும் பேனாவையும் நகர்த்தினாள்.

"எம்புள்ள நல்லாத்தாம்மா பாத்துக்கிடுதான். நான்தான் ஏதோ கோவத்துல வந்துட்டேன்."

"அப்போ எதுக்கு இவ்வளவு நேரம் அழுதேள்?"

ராஜலக்ஷ்மி எரிச்சலோடு, அவள் சொன்னதையே எழுதித் தரச் சொன்னாள். மகன் என்னைக் குறைவில்லாமல் பராமரிக்கிறான் என்று செண்பகவல்லி எழுதிக் கையெழுத்திட்டாள். அந்தக் காகிதமும் ஃபைலில் சேர்ந்தது.

அடுத்த வருஷம் வேல்ராஜின் வேலை நிரந்தரமானது. அம்மாவுக்குச் சிநேகிதியோடு இருக்கத்தான் பிரியம் என்று சொந்தக்காரர்களிடம் சொல்லி வைத்திருக்கிறான். யாராவது ஆண்டாப் ஹில்லுக்கு வந்து கேட்டால், மாவுக் கையைத் துடைத்துக்கொண்டு செண்பகவல்லியும் ஆமாம் என்றுதான் சொல்கிறாள்.