வரவில்லை என்று நான் சொன்ன நோட்டீஸ்

மூன்று வருஷத்துக்கு முன்பு, சங்கரன்கோவிலில் ஆடித்தபசுக் கூட்டம் வடிந்திருந்த வாரம். தாலுகா ஆபீஸ் நோட்டீஸோடு கிராம உதவியாளர் எங்கள் வீட்டு வாசலில் வந்து நின்றார். நான் எப்போதோ மூடிவிட்ட ஹார்டுவேர் கடைக்குப் பழைய விற்பனை வரி பாக்கி என்று ஏற்கெனவே கடிதம் வந்திருந்தது. என் கொள்முதல் பில்களைப் பார்க்காமலே போட்ட வரி அது. அந்தக் கோபத்தில் நான் பதிலே எழுதவில்லை.

"கையெழுத்தை மட்டும் போட்டுராதீரும் வே. போட்டாத்தான் மாட்டுவீரு" என்று பக்கத்துக் கடைக்காரர் சொல்லி வைத்திருந்தார். எங்கள் ஊரில் பாதிப் பேர் நம்புகிற சட்டம் இது. நானும் வாங்க மாட்டேன் என்று சொல்லிவிட்டேன். மனிதர் மூன்று முறை நடந்தார். மூன்றாம் முறை கதவில் ஒட்டிவிட்டுப் போனார். அவர் தெரு முனை திரும்புவதற்குள் கிழித்து அடுப்பில் போட்டேன்.

"என்ன எழுதியிருக்குன்னு பாக்காண்டாமா?" என்று மனைவி கேட்டாள். நான்தான் பெரிய சட்டம் படித்தவனாச்சே, கேட்பேனா?

கொஞ்ச நாளில் வீட்டை ஜப்தி செய்யும் உத்தரவு வந்தது. எங்களுக்கென்று இருப்பது அந்த ஒரு வீடுதான். மதுரைக்கு ஓடி, உயர்நீதிமன்றக் கிளையில் ஒரு வக்கீலைப் பிடித்தேன். நோட்டீஸ் வந்ததா என்றுதான் அவர் முதலில் கேட்டார். வரவில்லை என்று கூசாமல் சொன்னேன். அதையே பிரமாணப் பத்திரமாக எழுதி வைக்க, கையெழுத்துப் போட்டேன். என்னிடம் விளக்கம் கேட்காமல் ஜப்தி செய்யக் கூடாது என்று இடைக்காலத் தடையும் கிடைத்துவிட்டது. ஊருக்கு வந்து நாலு பேரிடம் பெருமையடித்துக்கொண்டேன்.

அடுத்த வாய்தாவுக்கு மதுரை பஸ்ஸில் ஏறினால், எனக்குப் பக்கத்து சீட்டில் அதே கிராம உதவியாளர்.

"அண்ணாச்சியும் கோர்ட்டுக்குத்தானா? நானும் அங்கனதான் போறேன். அரசு வக்கீல் வரச் சொல்லியிருக்காரு."

நோட்டீஸைக் கொடுக்காமலே கொடுத்ததாக எழுதிவிட்டார் என்று அவருக்கு மெமோ கொடுத்திருந்தார்கள். கதவில் ஒட்டியதைப் போட்டோ எடுத்து வைக்க அவருக்குத் தோன்றவில்லை. கோர்ட்டில் என் பொய் எடுபட்டுவிட்டால் அவருக்கு வேலை போய்விடும். மகள் நர்சிங் படிக்கிறாள் என்றார். நாலு வார்த்தை திட்டப் போகிறார் என்று நான் காத்திருந்தேன்.

"வீடு போயிரக் கூடாதேன்னு அப்படிச் சொல்லிட்டிய. எனக்குப் புரியுது. ஆனா எனக்கும் வேலை போயிரக் கூடாதுல்லா, அண்ணாச்சி" என்றார். குரல்கூட உயரவில்லை.

ராஜபாளையத்தில் பஸ் நின்றபோது எனக்கும் சேர்த்து டீ வாங்கி வந்தார். என் வாழ்க்கையில் அவ்வளவு வெட்கப்பட்டதில்லை.

கோர்ட் வாசலில் வக்கீலிடம் உண்மையைச் சொன்னேன். அவர் முகம் கறுத்துவிட்டது. "இதைச் சொன்னா தடை நிக்காது சார். வீடு போச்சுன்னா என்னைக் கேக்கக் கூடாது" என்றார். பரவாயில்லை, சொல்லுங்கள் என்றேன். அவர் அதை நீதிபதியிடம் சொல்ல, நானும் முன்னால் போய் மன்னிப்புக் கேட்டேன்.

நீதிபதி என்னைக் கடுமையாகக் கண்டித்தார், அபராதமும் போட்டார். தடையும் போய்விட்டது. ஆனால் வரியில் ஒரு பகுதியைக் கட்டி, பில்களோடு வரி அலுவலகத்தில் ஆஜராக நாலு வாரம் கொடுத்தார். அப்போதுதான் அரசு வக்கீல் நோட்டீஸின் நகலைக் காட்டினார். ஆட்சேபனை இருந்தால் ஆதாரங்களோடு வந்து சொல்லலாம் என்று அதிலேயே எழுதியிருந்தது! மனைவியின் சங்கிலியை அடகு வைத்துப் பணம் கட்டினேன். பில்களைப் பார்த்துப் பாதி வரியைக் குறைத்தார்கள், மீதிக்குத் தவணை கொடுத்தார்கள். வீடு தப்பியது.

கிராம உதவியாளர் மேல் இருந்த மெமோவும் ரத்தானது. இப்போதும் தெருவில் பார்த்தால் சைக்கிளை நிறுத்தி, "சௌக்கியமா அண்ணாச்சி?" என்று கேட்டுவிட்டுத்தான் போவார். கோர்ட்டில் நீதிபதியிடம் மன்னிப்புக் கேட்ட நான், என் பொய்யால் வேலையை இழக்க இருந்த அந்த மனுஷரிடம் மட்டும் இன்றுவரை வாய் திறந்து மன்னிப்புக் கேட்கவில்லை என்பதுதான் மனதை இன்னும் அறுத்துக்கொண்டிருக்கிறது.