ஆற்றுக்குக் காவல் இருந்த தில்லையம்பலம் அண்ணை

அன்று செவ்வாய்க்கிழமை. காலையில் உழுந்து கழுவிக்கொண்டு நின்றேன். தில்லையம்பலம் அண்ணையின் மகன் குகன் தொலைபேசியில் வந்தான். "மாமி, அப்பா போயிட்டார்" என்றான். உழுந்துச் சட்டியை மடியில் வைத்தபடி கதிரையில் இருந்துவிட்டேன்.

எங்கள் தமிழ்ச் சங்க இதழுக்கு அண்ணையைப் பற்றி எழுதும்படி என்னைக் கேட்டார்கள். நான் ஐந்தாம் வகுப்புவரை படித்தவள். எழுத்துப் பிழைகளைத் திருத்தியது ஆஹென் நகரில் இஞ்சினியருக்குப் படிக்கும் என் பேத்தி. அதையும் சொல்லத்தானே வேண்டும்!

ஜெர்மனியின் எசன் நகரில் எங்கள் தொடர்மாடிக்குப் பின்னால் ஒரு சிற்றாறு ஓடுகிறது. வயல் ஓரத்தில் ஊற்றாகத் தொடங்கி, தெருவுக்குக் கீழாலும் தோட்டங்களுக்குப் பின்னாலும் வந்து எம்ஷர் ஆற்றில் விழுகிறது. அதனோடு றைன் நதிக்குப் போகிறது. நாங்கள் வந்த காலத்தில் அதை ஆறு என்று ஒருவரும் சொன்னதில்லை. நிலக்கரி தோண்டித் தோண்டி நிலம் தாழ்ந்துகொண்டே இருந்ததால் கீழே குழாய் போட முடியாமல், ஊர்க் கழிவையெல்லாம் சீமெந்து வாய்க்காலில் திறந்தபடி விட்டிருந்தார்கள். கோடையில் யன்னல் திறக்க முடியாது.

சுரங்கங்கள் மூடிய பிறகுதான் கழிவுக்கு நிலத்தடியில் தனிக்குழாய் போட்டார்கள். அந்த வேலைக்குப் போனவர்களில் அண்ணையும் ஒருவர். எங்கள் சனம் சும்மா இருக்குமா? கோயிலில் அவரைக் கண்டால், "அண்ணை, குளிச்சிட்டோ வந்தனீங்கள்?" என்பார்கள். அவர் கோபிக்கமாட்டார். "ஓம், நீங்கள் குளிச்ச தண்ணியும் என்னட்டைத்தானே வருது" என்று சிரிப்பார்.

பிறகு சீமெந்தை உடைத்தெடுத்து ஆற்றை வளைந்து ஓடவிட்டார்கள். பென்சன் எடுத்த அண்ணை, காலையில் றப்பர் சப்பாத்தோடு கரையில் நடப்பார். முதலில் தும்பி வந்தது. பிறகு வாலாட்டிக் குருவி. ஒருநாள் நீல மீன்கொத்தியும் வந்தது. "தங்கச்சி, மறிக்காதேங்கோ, மீன்கொத்தியோட எட்டு மணிக்கு டெர்மின்" என்று, ஆளைச் சந்திக்க நேரம் குறித்தவர்போலச் சொல்லிக்கொண்டு போவார்.

என் கணவரின் முதல் திவசத்தன்று, என் மகன் பிண்டத்தையும் பூவையும் பாலையும் அந்த ஆற்றில் விட்டான். திரும்பிப் பார்க்கக் கூடாது என்பார்கள். நான் பார்த்துவிட்டேன். அண்ணை ஆற்றுக்குள் இறங்கி, பிண்டத்தை வலையால் அள்ளிக்கொண்டு நின்றார்.

"என்ர மனுசன்ர பிண்டத்தையோ அள்ளுறியள்? நீங்களும் ஒரு மனுசனோ?"

"அவர் எடுக்கவேண்டியதை எடுத்திட்டார், தங்கச்சி. மிச்சத்தை இந்தச் சின்ன ஆறு தாங்காது. சோறு அழுகினால் மீனுக்கு மூச்செடுக்க ஏலாது."

"ரெண்டு உருண்டைச் சோறிலையோ?"

"இஞ்சை எத்தினை வீடு, எத்தினை திவசம்?"

நான் விறுக்கென்று வீட்டுக்கு நடந்தேன். மாதக்கணக்காய் அவரோடு பேசவில்லை. அடுத்த வசந்தத்தில் அவராகவே வந்து கதவு மணியை அடித்தார். "கோவம் இருக்கட்டும். ஒருக்கா வந்து பாருங்கோ." போனேன். தண்ணீருக்குள் ஒரு தட்டைக் கல். அதன் கீழே பெரிய தலையோடு விரல் நீளத்தில் ஒரு மீன், கல்லின் நிறத்திலேயே இருந்தது. "தகப்பன் மீன். தாய் முட்டையைப் போட்டிட்டுப் போயிட்டா. குஞ்சு பொரிக்குமட்டும் இவர் இடத்தை விட்டு அசையார்" என்று மெல்லச் சொன்னார். அந்த ஆண்டிலிருந்து எங்கள் பிண்டத்தை றைன் நதிக்குக் கொண்டுபோனோம்.

அண்ணையின் எட்டாம் நாள் சடங்குக்குக் கூடியிருந்தபோது குகன் சொன்னான்: "அப்பாவுக்கு இந்த ஆறுதான் உயிர். முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிப் பிண்டத்தை இதிலைதான் விடுவன்." எல்லோரும் ஓம் என்றார்கள். எனக்குப் பொறுக்கவில்லை.

"கொப்பர் இருந்தால் வலையோட வந்து நிப்பார், தம்பி."

"அப்ப என்ன செய்யிறது, மாமி? கிலோமீட்டர் கணக்கா நடந்து இந்த ஆத்தைக் காத்த மனுசனை, வேறை எங்கையோ கொண்டுபோய் விடுறதோ?" என்று அவன் அழுதுவிட்டான்.

ஐயர்தான் தொண்டையைச் செருமினார். "பிண்டத்தைப் பசுவுக்கும் குடுக்கலாம், தம்பி. அதுவும் முறைதான்."

ஊற்றடியில் மாடு வளர்க்கும் ஜெர்மன்காரரிடம் குகனும் நானும் போய்க் கேட்டோம். கரையில் நடக்கும் அண்ணையை அவருக்கும் தெரியும். தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு, ஒரு பிடிச் சோறுதானே, தாராளமாய்க் கொடுங்கள் என்றார். குகனின் முகம் அப்போதுதான் தெளிந்தது.

ஆகவே அந்தியேட்டிக்கு வருகிறவர்களிடம் ஒன்று கேட்கிறேன். பூவும் பாலும் வீட்டிலேயே இருக்கட்டும். ஆற்றடிக்கு வெறுங்கையோடு வாருங்கள்.

இன்று காலை நானும் அப்படித்தான் போனேன். குனிந்து இரண்டு கையாலும் தண்ணீர் அள்ளி, அவர் பெயரைச் சொல்லி, அள்ளிய இடத்திலேயே விட்டேன். அண்ணை, வேறொன்றும் போடவில்லை. நிம்மதியாய்ப் போய் வாருங்கோ.