ஓமப்புகையில் வந்த கண்ணீர்

சிங்கப்பூரின் செம்பவாங் கப்பல் பட்டறைக் குடியிருப்பைப் பற்றி ஆவணப்படம் எடுத்துக்கொண்டிருந்த இளைஞர், அங்கே வாழ்ந்த எங்களிடம் திருமண வீடியோவைக் கேட்டார். பழைய காட்சிகள் கிடைப்பதே அரிது என்றார். என் கணவர் சந்தோஷமாகக் கேசட்டைக் கொடுத்துவிட்டார்.

பட வேலை முடியும் தறுவாயில் எங்களைக் கிளமெண்டியில் இருந்த தன் எடிட்டிங் அறைக்கு அழைத்துப் போட்டுக் காட்டினார். குடியிருப்பை இடிக்கும் காட்சி வந்தது. அடுத்து, திரையில் நான் கண்களைத் துடைத்துக்கொண்டிருந்தேன். ‘வீட்டை இழந்த பெண்களின் கண்ணீர்’ என்றது பின்னணிக் குரல்.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது.

“தம்பி, அது சிராங்கூன் ரோடு கோயில்ல நடந்த என் கல்யாணம். ஓமப்புகை கண்ணுல பட்டுச்சு.”

“தெரியும் ஆன்டி. ஆனா ஃபீலிங் கரெக்டா இருக்குலா. பாக்கறவங்களுக்கு எப்படித் தெரியும்?”

“எனக்குத் தெரியுமே. எடுத்துடுங்க.”

சரி என்றார். ஆனால் அதன்பின் அந்தப் படத்தில் எதையும் என்னால் நம்ப முடியவில்லை. அதில் கடலைப் பார்த்தபடி நின்ற பெரியவர், பின்னணிக் குரல் சொன்னதுபோல, நிஜமாகவே பழைய வேலையைத்தான் நினைத்தாரா?

சில மாதங்கள் கழித்து லிட்டில் இந்தியாவில் படத்தைத் திரையிட்டார்கள். என் முகம் இல்லை. அதே இடத்தில் வேறொரு பெண் அழுதாள். பின்னணியில் அதே வரி. முன்வரிசையில் யாரோ மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது.

வெளியே வந்ததும் இளைஞரைப் பிடித்தேன். “அந்தப் பொண்ணு யாரு? எதுக்கு அழுறாங்க?”

“தெரியல ஆன்டி, ஆர்கைவ்ல கெடச்சது” என்றவர், கைகுலுக்கக் காத்திருந்தவர்கள் பக்கம் திரும்பிவிட்டார்.