பிளம்ஸ் இல்லாத கலியாணக் கேக்

போன கிழமை கிளிநொச்சி பஸ் நிலையத்தில் எனக்கு வாய் ஒட்டிப்போனது. சும்மா பேச்சுக்குச் சொல்லவில்லை, உண்மையாகவே ஒட்டிப்போனது. முறிகண்டிப் பக்கமிருந்து வந்த ஒரு பெண் சின்னப் பிளாஸ்ரிக் கோப்பைகளில் பாலைப்பழம் விற்றுக்கொண்டிருந்தாள். மஞ்சள் மஞ்சளாய், விரல் நுனியளவு பழங்கள். வயதுக்கேற்ற அடக்கம் எனக்கு எந்தக் காலத்திலும் இருந்ததில்லை. ஒரு கோப்பையை வாங்கி, மல்லாவி பஸ்ஸில் யன்னலோரம் இருந்து, பஸ் வெளிக்கிட முதலே முக்கால்வாசியைத் தின்று முடித்துவிட்டேன். இந்தப் பழத்தைத் தின்றவர்களுக்குத் தெரியும், இனிப்பு அடங்கிய கையோடு அதன் பால் வேலையைக் காட்டத் தொடங்கும். நடத்துனர் வந்து, "அம்மா, எங்கை இறக்கம்?" என்று கேட்கிறார். எனக்கோ மேலுதடும் கீழுதடும் பசை போட்டதுபோலக் கிடக்கின்றன. கையால் திசையைக் காட்டினேன். வாய் பேச முடியாத மனுசி என்று நினைத்துவிட்டார் போல, மிச்சக் காசை என் உள்ளங்கையில் வைத்து விரல்களையும் மடித்துவிட்டுப் போனார். வகுப்பறைகளில் சத்தம் போட்டே காலத்தை ஓட்டியவள் நான். நீங்கள் பக்கத்தில் இருந்திருந்தால் விழுந்து விழுந்து சிரித்திருப்பீர்கள்.

பாலைப்பழம் என்றால் வன்னியில் எல்லோருக்கும் காடு நினைவுக்கு வரும். எனக்குக் கேக் நினைவுக்கு வரும். அதுவும் கலியாணக் கேக்.

பொருளாதாரத் தடை இருந்த காலம் அது. மோட்டார் சைக்கிள்கள் மண்ணெண்ணெயில் ஓடின, நாங்கள் கஞ்சியில் ஓடினோம். மல்லாவி முழுக்க இடம்பெயர்ந்த சனம். நான் புதிதாகப் படிப்பிக்கத் தொடங்கியிருந்தேன். மரத்துக்குக் கீழே வகுப்பு, மழை வந்தால் விடுமுறை. தங்கியிருந்தது திரேசம்மா அன்ரியின் கொட்டில் வீட்டில். அவரும் மகள் றீற்றாவும் முல்லைத்தீவுக் கரையிலிருந்து வந்தவர்கள். அன்ரியின் கணவர் ஒருநாள் வள்ளத்தில் கடற்றொழிலுக்குப் போனவர், திரும்பி வரவில்லை. அதற்குப் பிறகு அன்ரி வள்ளத்தில் கால் வைப்பதில்லை என்று சத்தியம் செய்திருந்தார். மல்லாவியில் குடிதண்ணீருக்கு வரிசை, குளிக்க வரிசை, எல்லாவற்றுக்கும் வரிசை. இருந்தும் அந்த இடம் அவருக்குப் பிடித்திருந்தது. எங்கே நின்று பார்த்தாலும் கடல் தெரியாது என்பதுதான் காரணம்.

கரையில் இருந்த காலத்தில் எந்தக் கலியாணம் என்றாலும் கேக் திரேசம்மா அடித்ததாகத்தான் இருக்குமாம். அந்தச் சனத்துக்குக் கேக் என்பது தின்னுகிற சாமான் மட்டுமல்ல. பொம்பிளை வீட்டார் கேக்கைத் துண்டு துண்டாக வெட்டி, கலர்ப் பேப்பரில் சுற்றி, சொந்தம் ஒன்று விடாமல் வீடு வீடாக அனுப்ப வேண்டும். துண்டு வந்து சேரவில்லை என்று பத்து வருசம் முகம் பார்க்காத அண்ணன் தம்பிகள் இருந்திருக்கிறார்கள். அதற்குள் போடும் பழங்களையும் கத்தியால் கொத்திக் கொத்தி மணல்மணிபோல ஆக்க வேண்டும். முழுப்பழம் பல்லில் பட்டால் பொம்பிளையின் தாய் சோம்பேறி என்று அர்த்தம்.

றீற்றாவுக்குப் பேசியிருந்த மாப்பிள்ளை அன்ரன். முன்னர் வள்ளத்து இயந்திரங்கள் திருத்தியவர், மல்லாவிச் சந்தியில் சைக்கிள் திருத்திக்கொண்டிருந்தார். நல்ல பெடியன், அன்ரிக்கும் அவரைப் பிடிக்கும். ஆனால் அவருடைய தமையன் இந்தியாவில் அகதி முகாமில் இருந்து, வா வா என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தார். அக்கரைக்குப் போவது என்று அதைச் சொல்வோம். கலியாணம் முடிந்த கையோடு மன்னார்க் கரைக்குப் போய், அங்கிருந்து வள்ளம் ஏறுவது என்று இருவரும் முடிவெடுத்திருந்தார்கள். அம்மாவையும் வரச் சொல்லி றீற்றா எவ்வளவோ கெஞ்சிப் பார்த்தாள். அன்ரி மாட்டேன் என்றுவிட்டார். கலியாணத்துக்கும் நாள் வைக்க விடவில்லை. ஏன் என்று கேட்டால், கேக் இல்லை என்பார்.

"கேக் இல்லாமல் மோதிரம் மாத்தினால் அதுக்குப் பேர் கலியாணமில்லை. அது பதிவு."

"அம்மா, சனம் தேத்தண்ணிக்கே சீனியில்லாமல் கிடக்குது. ஆர் இப்ப கேக் கேட்டது?"

"நான் கேட்டனான்."

சரி, கேக்தானே என்று நானும் றீற்றாவும் இறங்கினோம். கோதுமை மா இல்லை என்றார் அன்ரி. அரிசியை இடித்து வறுத்துக் கொடுத்தோம். சீனி இல்லை என்றார். தேன் வந்தது. பட்டர் எங்கே என்றார். அன்ரன் யாருக்கோ உதிரிப்பாகம் சேர்த்து ஒரு சைக்கிள் பூட்டிக் கொடுத்துவிட்டு ஒரு போத்தல் பசுநெய்யோடு வந்து நின்றார். அப்பச்சோடாவுக்கு மல்லாவிக் கடை முழுக்க அலைந்து, கடைசியில் ஒரு சுருள் கண்டுபிடித்தேன். ஒவ்வொன்றும் வந்து சேரச் சேர அன்ரியின் முகம் மலர வேண்டும்தானே? இல்லை. எங்களுக்கும் அது அப்போது விளங்கவில்லை. கடைசியில் எல்லாவற்றையும் ஒருமுறை பார்த்துவிட்டு, "பிளம்ஸ்?" என்றார்.

முந்திரிகை வற்றலைத்தான் நாங்கள் பிளம்ஸ் என்போம். அந்தக் காலத்து மல்லாவியில் பிளம்ஸ் கேட்பதும் ஐஸ்கிறீம் கேட்பதும் ஒன்று. றீற்றா தலையில் கைவைத்துக்கொண்டு இருந்துவிட்டாள். அப்போதுதான் என் மூளை வேலை செய்தது. எப்போதாவதுதான் செய்யும், ஆனபடியால் அதைச் சொல்லிக்கொள்ள எனக்கு வெட்கமில்லை. வைகாசி மாதம், காடு முழுக்கப் பாலை பழுத்துக் கிடக்கிறது. பிளம்ஸுக்குப் பதிலாகப் பாலைப்பழம் போட்டால் என்ன?

அடுத்த வளவுப் பூமணி அக்கா எங்களைக் காட்டுக்குக் கூட்டிப்போனார். அவருடைய கணவர் சிவராசா அண்ணை, மரத்தில் ஏறி உலுப்பித் தருகிறேன் என்று கயிற்றோடு முன்னால் போய்விட்டார். நாங்கள் பெண்கள் மூன்றுபேர், கதைத்துக் கதைத்துப் போய்ச் சேர்ந்தபோது பெரிய பாலை ஒன்றின் உச்சியில் கொப்புகள் ஆடிக்கொண்டிருந்தன. பழம் பொலபொலவென்று கொட்டுகிறது. சீலையை விரித்து அள்ளத் தொடங்கினோம். ஒரு கொப்பு முழுதாகவே முறிந்து விழுந்தது.

"அண்ணை, இந்தப் பக்கமும் கொஞ்சம் உலுப்புங்கோ!" என்று றீற்றா மேலே பார்த்துக் கத்தினாள்.

"ஆரைப் பிள்ளை உலுப்பச் சொல்லுறாய்?" என்று எங்களுக்குப் பின்னால் பற்றைக்குள்ளிருந்து கேட்டார் சிவராசா அண்ணை. தோளில் கயிறு அப்படியே கிடந்தது.

மேலேயிருந்தது கரடி. பாலைப்பழக் காலத்தில் கரடிக்கும் எங்களுக்கும் ஒரே கடைதான். அது எங்களைக் குனிந்து பார்த்தது, பிறகு தன் பாட்டில் தின்றது. நான் ஓடிய ஓட்டத்தைப் பற்றிக் கேட்காதீர்கள். ஒரு செருப்பு இன்றுவரைக்கும் அந்தக் காட்டில்தான். வீதிக்கு வந்து மூச்சு வாங்கிக்கொண்டு திரும்பிப் பார்க்கிறேன், றீற்றா சீலை மூட்டையை நெஞ்சோடு அணைத்தபடி ஓடிவருகிறாள். ஒரு பழம் சிந்தவில்லை. அவளுடைய கலியாணமல்லவா அதற்குள் கிடந்தது.

பழத்தை வெயிலில் நன்றாகக் காயவிட்டு, பால் செத்த பிறகு முழுசாகப் போடும்படி பூமணி அக்கா சொல்லிவிட்டுத்தான் போனார்.

"முழுப்பழமோ? அப்பிடிக் கேக்கை எங்கடை கரையிலை நாய்க்கும் போடமாட்டினம்" என்றார் அன்ரி.

அன்று பின்னேரமே, பச்சையாகவே, பலகையில் போட்டுக் கொத்தத் தொடங்கினார். முதலில் கத்தி ஒட்டியது. பிறகு பலகை. பிறகு அவருடைய பத்து விரல்களும். நாங்கள் குசினிக்குள் எட்டிப் பார்த்தபோது, அள்ளிவந்த அவ்வளவு பழமும் ஒரே பிசின் உருண்டையாக அவருடைய கைகளைப் பிடித்து வைத்திருந்தது. வேண்டுமென்று செய்தாரா, கலியாணக் கேக் என்றால் கொத்தத்தான் வேண்டும் என்ற பிடிவாதத்தில் செய்தாரா, எனக்கு இன்றைக்கும் தெரியாது. அவருக்கே தெரிந்திருக்குமோ என்பதும் சந்தேகம்தான்.

"பழுதாப்போச்சு" என்றார், நிமிர்ந்து பார்க்காமல். "என்ன செய்யிறது, வாற வருசம் பாப்பம்."

றீற்றா கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். "அம்மா, உங்களுக்கு வேணுமெண்டது கேக்கோ, நான் போகாமல் இருக்கிறதோ?"

அன்ரி பிசினிலிருந்து கைகளை இழுத்துப் பார்த்தார். அடுப்பில் ஏதோ கொதித்துக்கொண்டிருந்தது.

"உன்ர அப்பரைக் கொண்டுபோன கடலிலைதானே நீயும் போகப்போறாய்" என்றார் அன்ரி. பிறகு, "ரீச்சரும் ஒருநாள் போயிடுவா. ஒராளுக்கு எவ்வளவு அரிசி போடுறதெண்டு எனக்குத் தெரியாது பிள்ளை. நான் ஒருநாளும் ஒராளுக்கெண்டு சமைச்சதில்லை."

நான் அங்கே நிற்கக்கூடாது என்று எனக்குப் பட்டது. ஆனாலும் நின்றேன். றீற்றா தேங்காயெண்ணெய்ப் போத்தலை எடுத்துவந்து, தாயின் முன்னால் நிலத்தில் இருந்து, ஒவ்வொரு விரலாக எண்ணெய் பூசிப் பிசினைக் கழற்றத் தொடங்கினாள். "எனக்கும் பயம்தான் அம்மா" என்று மட்டும் சொன்னாள். கடைசி விரலும் கழன்றபோது அன்ரி கைகளைச் சீலையில் துடைத்தார், மூக்கையும் துடைத்தார்.

"முட்டை எங்கை? ரீச்சர், சும்மா நிக்காமல் சிரட்டைத் தணல் போடுங்கோ."

போறணை இல்லாத இடத்தில் கேக் சுடுவது எப்படி என்று அன்று பார்த்தேன். பெரிய சருவப் பானைக்குள் மணலைப் பரப்பி, அதன்மேல் கேக் ரின்னை வைத்து, தகரத்தால் மூடி, தகரத்துக்கு மேலும் தணல், சருவத்துக்குக் கீழும் தணல். பிசின் உருண்டையைச் சுடுநெய்யில் போட்டு இளக்கித் தேனோடு சேர்த்துவிட்டார். வாசம் கிளம்பியபோது அக்கம்பக்கத்துப் பிள்ளைகள் எல்லாம் வேலியில் தொங்கினார்கள். மேற்பக்கம் கருகிவிட்டது. சுரண்டியெடுத்துவிட்டுத் தேன் பூசினோம். கலர்ப் பேப்பருக்கு வாழையிலை.

கலியாணம் அந்த மாதமே, கிடுகால் வேய்ந்த கிறிஸ்தவக் கோயிலில் நடந்தது. கேக் நல்ல ருசி. ஆனால் தின்று கொஞ்ச நேரத்தில் சபை அடங்கிவிட்டது. மணமக்களை வாழ்த்த எழும்பிய சுவாமியார், "அன்பான" என்ற சொல்லோடு நின்றுபோனார். உதட்டைத் தடவினார், இன்னொரு முறை முயன்றார், பிறகு தோளைக் குலுக்கிக்கொண்டு சிரிக்கத் தொடங்கினார். வாய் திறக்க முடியாமல் ஒரு ஊரே சிரித்ததை நான் வேறெங்கும் கண்டதில்லை. திரேசம்மா அன்ரியும் சிரித்தார். சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்தார்.

அவர்கள் போன அன்று அன்ரி வீதிக்கு வரவில்லை. நாட்கணக்கில் வைத்திருந்தாலும் பழுதாகாத கேக் அது. மிச்சத்தை ஓலைப்பெட்டிக்குள் வைத்துக் கொடுத்துவிட்டு உள்ளே போய்விட்டார். சுகமாகப் போய்ச் சேர்ந்துவிட்டார்கள் என்று மன்னாரிலிருந்து வந்த ஒருவர் சொல்லும்வரை அன்ரி ஒரு வாய் ஒழுங்காகச் சாப்பிடவில்லை. சமைப்பதை மட்டும் மூன்று பேருக்கே சமைத்தார். நான் இரண்டு பேரின் பங்கைத் தின்றேன். இப்படியான உதவிகளுக்கு நான் எப்போதும் முன்னுக்கு நிற்பேன். மெல்ல மெல்ல அது இரண்டு பேருக்கான சோறானது. நான் பள்ளிக்கூடத்தால் வரச் சுணங்கினால் படலையில் வந்து நிற்பார்.

மார்கழியில் எனக்குக் கிளிநொச்சிப் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்தில் நிரந்தர வேலை கிடைத்தது. அன்ரி தேங்காய் துருவிக்கொண்டிருந்தபோது போய்ச் சொன்னேன்.

"நல்லது பிள்ளை, நல்லது" என்றார். துருவுவதை நிறுத்தவில்லை. கொஞ்சம் பொறுத்து, "உங்களைச் சும்மா அனுப்ப ஏலாது. ஒரு கேக் அடிச்சுத்தான் அனுப்புவன்" என்றார்.

"அதுக்கென்ன அன்ரி, நாளைக்கே அடிப்பம்."

"பிளம்ஸ் இல்லையே. பாலை பழுக்க வைகாசியாகும்." துருவலையின் மேலிருந்து என்னை நிமிர்ந்து பார்த்தார். "அதுவரைக்கும் நில்லுங்கோவன்."

கிளிநொச்சி வேலையை வைகாசிக்குப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று நினைத்தேன். "ஓம் அன்ரி, நிக்கிறன்" என்றேன். நின்றேன். ஆனால் வைகாசிக்கு முதல் சண்டை வந்துவிட்டது. பூமணி அக்காவின் உழவு இயந்திரப் பெட்டியில் சாமான்களுக்கு நடுவே அன்ரி ஒரு பக்கம் போனார், நான் என் சொந்தங்களோடு இன்னொரு பக்கம் போனேன். பிறகு நாங்கள் சந்திக்கவேயில்லை. காய்ச்சலில் போய்விட்டார் என்று அறிந்தபோது, அடக்கம் முடிந்து மாதங்கள் ஆகியிருந்தன. றீற்றா இப்போதும் அக்கரையில்தான், பேரப்பிள்ளைகளோடு.

போன கிழமை நான் மல்லாவிக்குப் போனது பழைய மாணவி ஒருத்தியின் வீடு குடிபுகுதலுக்கு. கரடி எங்களுக்குப் பழம் உலுப்பித் தந்த காடு இப்போது வெறும் வெட்டை. அந்தக் கொட்டில் வீடு நின்ற இடத்தில் மோட்டார் சைக்கிள் கடை. சந்தியில் எந்தக் கடையில் பார்த்தாலும் பிளம்ஸ் பைக்கற்றுகள் சரமாகத் தொங்குகின்றன. மாணவி நல்ல கேக் தந்தாள், மெத்தென்று, பேக்கரியில் வாங்கியது. பின்னேரம் நான் வெளிக்கிட்டபோது வீட்டிலிருந்த எல்லோரும் வாசல்வரை வந்தார்கள்.

"சரி ரீச்சர், கவனமாப் போயிட்டு வாங்கோ. கெதியா நடவுங்கோ, பஸ் வரப்போகுது."

நல்ல பிள்ளைகள். வீதிவரைக்கும் பையைத் தூக்கி வந்து தந்தார்கள். என்னை நிற்கச் சொல்லி ஒருவரும் ஒரு சாட்டுப்போக்கும் சொல்லவில்லை.